அத்தையின் தையலைப் பற்றி அத்தையிடம் எப்படிச் சொல்வது?

கேள்வி:

ஆம்பூர் பக்கம் ஒரு ஷூ கம்பெனியில் ஸ்டிச்சிங் செக்‌ஷனில் இருக்கிறேன். வயது 36. ஹெல்ப்பராகச் சேர்ந்து, மெஷின் பழகி, டெய்லராகி, எட்டு மாதத்துக்கு முன்னால் அதே லைனுக்கு சூப்பர்வைசர் ஆக்கினார்கள். எனக்கு மெஷின் பழக்கிவிட்டவர் எங்கள் தெருவில் இருக்கும் ஓர் அத்தை. சொந்த அத்தை இல்லை. ஆனால் என் கல்யாணத்தில் முன்னே நின்று எல்லாம் செய்தவர். வயது 48. அவரும் என் லைனில்தான் இருக்கிறார். இரண்டு மாதமாக அவர் தைக்கும் குவாட்டரில் (ஷூவின் பின்பாதியில் பக்கவாட்டில் வரும் தோல் துண்டு) இரட்டைத் தையல் வளைவில் கோணிப் போகிறது, கறுப்பு மாடலில் அதிகமாக. ஒருநாள் செக்கிங்கிலிருந்து 14 பீஸ் மொத்தமாகத் திரும்பி வந்தபோது எல்லார் எதிரிலும், "கண்ணு எங்க வெச்சிருக்கீங்க அத்தே? இத்தனை வருஷம் தைச்சு இதானா?" என்று கேட்டுவிட்டேன். அன்றிலிருந்து பேச்சு இல்லை. கம்பெனி பஸ்ஸில் என் பக்கத்தில் உட்கார்ந்து வந்தவர் இப்போது பின் சீட்டுக்குப் போய்விடுகிறார். பீஸும் சரியாகவில்லை. மற்றவர்களும் மேலே போனதும் கொழுப்பு வந்துவிட்டது என்று பேசுகிறார்கள்.

மேனேஜர் என்னை விடுவதில்லை. ரிஜெக்ட் ஆன பீஸைப் போட்டோ எடுத்து வாட்ஸ்அப் குரூப்பில் போட்டு, "இந்த லைனுக்கு சூப்பர்வைசர் இருக்காங்களா, இல்ல லீவா?" என்று எழுதுகிறார். அதைப் பார்த்தால் ராத்திரி சோறு இறங்குவதில்லை, தூக்கமும் இல்லை. வீட்டில் பத்தாவது படிக்கும் மகளின் கணக்கு நோட்டில் ஒரு தப்பைக் காட்டினால், "உனக்கு எதுலதான் குறை தெரியாது?" என்று நோட்டை மூடிவிடுகிறாள். குறை சொல்லாமல் வேலை வாங்க முடியுமா? நான் சொன்னால் அவர்களுக்கு வலிக்கிறது, என்னைச் சொன்னால் எனக்கு வலிக்கிறது. என்னதான் செய்வது?

பதில் (தொழிலக உளவியல் ஆலோசகர், வேலூர்):

அன்புள்ள சகோதரிக்கு,

முதலில் அத்தையின் மெஷினுக்கு வருகிறேன். உங்கள் கடிதத்தில் நீங்கள் போகிற போக்கில் எழுதிய ஒரு வரிதான் என்னை நிறுத்தியது. வருஷக்கணக்கில் சரியாகத் தைத்த கை இரண்டு மாதமாகத் தவறுகிறது. எல்லா இடத்திலும் இல்லை, வளைவில். எல்லா மாடலிலும் ஒரே மாதிரி இல்லை, கறுப்பில் அதிகம். வயது 48. "கண்ணு எங்க வெச்சிருக்கீங்க" என்று கோபத்தில் கேட்டீர்களே, அதைக் கோபம் இல்லாமல், பதில் தெரிந்துகொள்வதற்காகவே கேட்டிருக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

நாற்பதைத் தாண்டினால் கண்ணுக்குள் இருக்கும் லென்ஸ் கொஞ்சம் கொஞ்சமாக இறுகி, கிட்டத்தில் இருப்பது மங்கலாகத் தொடங்கும். வெள்ளெழுத்து என்று நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்வது இதைத்தான். நோய் இல்லை, நரை போல எல்லோருக்கும் வருவது. பஸ் போர்டு படிக்க முடியும், ஆள் அடையாளம் தெரியும். அதனால் தனக்குக் கண்ணில் குறை இருப்பதே பலருக்குத் தெரியாது. ஆனால் ஒரு அடி தூரத்தில், கறுப்புத் தோலில் கறுப்பு நூல் ஓடும்போது, முதல் தையலுக்கும் இரண்டாம் தையலுக்கும் நடுவில் இருக்கும் அந்த ஒன்றிரண்டு மில்லிமீட்டர் இடைவெளி கரைந்துவிடும். நேராக ஓடும் இடத்தில் கை பழக்கத்தில் போய்விடும். வளைவில் கண் தேவை.

நாளைக்கு லைனில் சும்மா நின்று பாருங்கள். பீஸை முகத்திலிருந்து தள்ளிப் பிடித்துப் பார்க்கிறாரா? டியூப் லைட் பக்கம் சாய்க்கிறாரா? ஊசியில் நூல் கோர்க்கப் பக்கத்து மெஷின் பெண்ணைக் கூப்பிடுகிறாரா? சாயங்காலம் தலைவலி என்று நெற்றியைத் தேய்க்கிறாரா? இதில் இரண்டு இருந்தாலே கண் டெஸ்டுக்கு அனுப்ப வேண்டும்.

இது சின்ன விஷயம் இல்லை. அசாம் தேயிலைத் தோட்டங்களில் 40 வயதுக்கு மேற்பட்ட தொழிலாளர்கள் 751 பேரை வைத்து நடந்த ஓர் ஆய்வு 2018-இல் வெளிவந்தது. பாதிப் பேருக்குக் கிட்டப் பார்ப்பதற்கான சாதாரணக் கண்ணாடி கொடுத்தார்கள். கண்ணாடி போட்டவர்கள் பறித்த இலையின் அளவு மற்றவர்களைவிட 20 விழுக்காட்டுக்கும் மேல் கூடியது. இத்தனைக்கும் யாரும் அவர்களை அதட்டவில்லை, டார்கெட்டை ஏற்றவில்லை.

கண்தான் காரணம் என்று நான் அடித்துச் சொல்லவில்லை. ஊசி முனை மழுங்கியிருக்கலாம். ஸ்கைவிங்கில், அதாவது தைக்கும் முன் தோலின் ஓரத்தைச் சீவி மெலிதாக்கும் வேலையில், ஓரம் சீராக இறங்காமல் வந்தால் வளைவில் தோல் தடித்து நின்று பீஸைத் தள்ளும். ரோலர் பிடிப்பு தளர்ந்திருக்கலாம். வீட்டில் ஏதாவது கஷ்டம் இருக்கலாம். கடன், மருமகள் சண்டை, வீட்டுக்காரர் குடி, எதுவும் இருக்கலாம். மெஷினை மட்டும் நீங்களே சோதித்துவிடலாம். டீ நேரத்திலோ ஷிஃப்ட் முடிந்த பிறகோ, யாரும் பார்க்காதபோது, அவர் மெஷினில் உட்கார்ந்து நாலு கறுப்பு பீஸ் தைத்துப் பாருங்கள். எல்லோரும் பார்க்க அதைச் செய்தால் அது இன்னொரு அவமானமாகிவிடும். உங்கள் கையிலும் கோணினால் மெக்கானிக்கைக் கூப்பிடுங்கள், விஷயம் அங்கேயே முடிந்தது. நேராக வந்தால் அடுத்ததை யோசிக்கலாம்.

குறை சொல்லாமல் வேலை வாங்க முடியுமா என்று கேட்கிறீர்கள். முடியாது, முடியவும் கூடாது. தப்பைப் பார்த்தும் வாயை மூடிக்கொண்டு, பீஸைத் தானே எடுத்துத் திருத்திக் கொடுத்துவிடும் சூப்பர்வைசர்கள் இருக்கிறார்கள். நல்லவர் என்று பெயர் வாங்குவார்கள். ஆனால் கீழே இருப்பவர் கற்றுக்கொள்ள வேண்டியதைக் கற்றுக்கொள்ளாமலே இருப்பார். அப்புறம் ஒருநாள் வேலையை விட்டு அனுப்பும் லிஸ்ட்டில் அவர் பெயர் வரும்போதுதான் தன் வேலையில் இவ்வளவு குறை இருந்தது என்றே அவருக்குத் தெரியவரும். அதைவிடப் பெரிய துரோகம் இல்லை. ஆகவே சொல்லத்தான் வேண்டும். ஆனால் கேட்டவர் திரும்பிப் போகும்போது, அடுத்த பீஸில் தன் கை என்ன மாற்றிச் செய்ய வேண்டும் என்று அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். அது தெரியாமல் போனார் என்றால் நீங்கள் சொன்னது வசவு. உண்மையாகவே இருந்தாலும் வசவுதான்.

உங்கள் வாக்கியத்தை இதில் வைத்துப் பாருங்கள். "இத்தனை வருஷம் தைச்சு இதானா?" இதைக் கேட்டு அத்தை எதை மாற்றுவார்? தையலைப் பற்றி அதில் ஒரு சொல்கூட இல்லை. அவருடைய அத்தனை வருஷ உழைப்பைப் பற்றித்தான் இருக்கிறது. அந்த நிமிஷத்திலிருந்து அவர் மனசு வளைவை விட்டுவிட்டது. தன்னை எல்லோரும் எப்படிப் பார்க்கிறார்கள், தான் பழக்கிவிட்ட பெண்ணே இப்படிக் கேட்டுவிட்டாளே என்பதைத்தான் பிடித்துக்கொண்டது. அந்த மனசோடு மெஷினில் உட்கார்ந்தால் பீஸ் எப்படிச் சரியாகும்?

இது என் ஊகம் மட்டும் இல்லை. அவ்ரஹாம் க்ளூகர், ஏஞ்சலோ டெனிசி என்ற இரண்டு ஆய்வாளர்கள், வேலையைப் பற்றிக் கருத்துச் சொல்வதால் என்ன விளைகிறது என்று அதுவரை வந்த ஆய்வுகளையெல்லாம் திரட்டி 1996-இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். அறுநூறுக்கும் மேற்பட்ட முடிவுகள். பொதுவாகப் பார்த்தால் சொன்னது நல்லதுதான், வேலை மேம்பட்டிருந்தது. ஆனால் மூன்றில் ஒரு பங்குக்கும் மேற்பட்ட இடங்களில், சொன்ன பிறகு வேலை முன்னைவிட மோசமாகியிருந்தது. கவனம் வேலையை விட்டுத் தன்மேல் திரும்பிவிடும் இடங்களில் பலன் குறைகிறது என்பது அவர்கள் சொன்ன காரணம். பேசாமல் இருந்திருந்தால்கூட இதைவிட நன்றாக இருந்திருக்கும் என்பது மாதிரியான பேச்சு உலகம் முழுக்க நடந்துகொண்டிருக்கிறது.

சரி, இப்போது அத்தையிடம் எப்படிப் போவது? இரண்டு பேச்சு இருக்கிறது, இரண்டையும் கலக்காதீர்கள். ஒன்று, அன்றைக்குப் பேசியதற்கு வருத்தம் தெரிவிப்பது. இன்னொன்று, தையல்.

வருத்தத்தை லைனில்தான் சொல்ல வேண்டும். எல்லார் எதிரிலும் கேட்டதை அவர் வீட்டுத் திண்ணையில் ரகசியமாக மன்னிப்புக் கேட்டுச் சரிக்கட்ட முடியாது. அன்று பார்த்தவர்கள் யாருக்கும் அது தெரியாது. இந்த இடத்தில் பல சூப்பர்வைசர்களுக்குக் கால் பின்வாங்கும், பயம் போய்விடுமே, நாளைக்கு யார் மதிப்பார்கள் என்று. என் அனுபவத்தில் நேர்மாறாகத்தான் நடக்கிறது. காலையில் மெஷின் ஓடுவதற்கு முன்னால், நின்றபடியே, "அத்தே, அன்னிக்கு எல்லார் எதிர்லயும் அப்படிக் கேட்டிருக்கக் கூடாது. தப்பு என்மேல" என்று சொல்லிவிட்டு வேலையைப் பாருங்கள். "டென்ஷன்ல சொல்லிட்டேன்", "மேனேஜர் திட்டினாரு" என்று வால் சேர்க்காதீர்கள். சேர்த்தால் அது மன்னிப்பு இல்லை, சமாதானம். அவர் முகம் கொடுக்காவிட்டாலும் பரவாயில்லை. ஸ்வீட் பாக்ஸ் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிற யோசனை இருந்தால் விட்டுவிடுங்கள். அது அவரை அப்போதே மன்னித்தாக வேண்டிய இக்கட்டில் நிறுத்தும்.

தையல் பேச்சு அதற்கு இரண்டு மூன்று நாள் கழித்து, தனியாக. பஸ்ஸில் வேண்டாம், அங்கே எல்லோருக்கும் காது இருக்கிறது. சாப்பாட்டு நேரத்திலும் வேண்டாம். செக்கிங் டேபிள் பக்கம் ஆள் இல்லாத நேரம் பார்த்து, இரண்டு பீஸ் கையில் எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டும் அவர் தைத்ததாகவே இருக்கட்டும், ஒன்று நன்றாக வந்தது, ஒன்று கோணியது. வேறொருவர் பீஸைக் காட்டி இதைப் பார் என்றால் அது ஒப்பீடு. அவருடைய நல்ல பீஸையே காட்டினால், அவரால் முடியும் என்பதற்கு அதுவே சாட்சி.

"அத்தே, இது பிரவுன் மாடல், நீங்க தைச்சது. ரெண்டு தையலும் கடைசி வரைக்கும் ஒரே அளவுல போகுது. இது கறுப்பு. இங்க வரைக்கும் சரி. இந்த வளைவுல திரும்புறப்ப உள் தையல் வெளித் தையல் மேல ஏறுது. திரும்புறப்ப உங்களுக்கு அங்க என்ன தெரியுது?"

இவ்வளவுதான். அப்புறம் வாயைத் திறக்காதீர்கள். அமைதி நீளும். நீளட்டும். நாம் அவசரப்பட்டு "ஒண்ணும் இல்ல அத்தே, கொஞ்சம் பார்த்துக்கோங்க" என்று முடித்துவிட்டால் அவர் சொல்ல வந்தது தொண்டையிலேயே நின்றுவிடும். நாலு வார்த்தை போதும் அவருக்கு: "கறுப்புல நூலே தெரியல மா." அதைச் சொல்ல அவர் இரண்டு மாதமாகப் பயந்துகொண்டிருக்கலாம். கண் தெரியவில்லை என்று வெளியே தெரிந்தால் மெஷினிலிருந்து எடுத்து டிரிம்மிங்கிலோ பேக்கிங்கிலோ போட்டுவிடுவார்கள், வயசாகிவிட்டது என்று பெயர் கட்டிவிடுவார்கள் என்ற பயம். அந்தப் பயம் வெறும் கற்பனை என்று நம்மால் சொல்ல முடியாது. அதனால் நீங்கள் அந்த இடத்திலேயே ஒரு வார்த்தை கொடுக்க வேண்டும்: கண்ணாடி வந்து பழகும் வரை கறுப்பு மாடலை வேறு மெஷினுக்கு மாற்றுகிறேன், நீங்கள் இதே லைனில்தான் இருப்பீர்கள் என்று. கொடுக்க முடியுமா என்று மேனேஜரிடம் முன்னாலேயே பேசி வைத்துக்கொள்ளுங்கள். காப்பாற்ற முடியாத வார்த்தையைக் கொடுத்துவிட்டால் இரண்டாம் முறை உங்களை நம்ப மாட்டார்.

கண் டெஸ்டுக்கு ஈ.எஸ்.ஐ. மருந்தகத்தில் காட்டி அங்கிருந்து கண் டாக்டருக்கு எழுதி வாங்கலாம். வேலூர் வரை வர முடிந்தால் ஆரணி ரோட்டில் ஷெல் கண் மருத்துவமனை இருக்கிறது. ரோட்டோரத்தில் விற்கும் கண்ணாடியை வாங்கி மாட்டிக்கொண்டு விட்டுவிட வேண்டாம் என்று சொல்லுங்கள். சர்க்கரை இருந்தாலும் கண் மங்கும், கண் அழுத்தம் இருந்தாலும் மங்கும். அதையெல்லாம் ஒரு தடவை பார்த்துவிடுவது நல்லது. மெஷினில் கண்ணுக்கும் ஊசிக்கும் எவ்வளவு தூரம் என்பதை முழம் போட்டாவது அளந்துகொண்டு போய் டாக்டரிடம் சொன்னால், அந்தத் தூரத்துக்கே கண்ணாடி எழுதித் தருவார்.

ஒரு பாராட்டு, நடுவில் ஒரு குறை, கடைசியில் இன்னொரு பாராட்டு என்று அடுக்கிச் சொல்லும் முறையை மேனேஜ்மென்ட் டிரெய்னிங்கில் கற்றுக்கொடுப்பார்கள். உங்களுக்கும் சொல்லியிருப்பார்கள். எனக்கு அது பிடிக்காது. நாலு தடவை கேட்டவர்கள் பாராட்டு தொடங்கியதுமே "அடுத்து என்ன வரப்போகுதோ" என்று உடம்பைச் சுருக்கிக்கொள்கிறார்கள், நிஜமான பாராட்டும் அதோடு கெட்டுப்போகிறது. நல்ல பீஸ் வரும் நாளில் அதை மட்டும் சொல்லுங்கள். "இன்னிக்கு இந்த லாட்ல ஒண்ணுகூடத் திரும்பல" என்று போகிற போக்கில் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுங்கள். குறை சொல்ல வேண்டிய நாளில் குறையை மட்டும், நிதானமாக.

மேலே போனதும் கொழுப்பு என்ற பேச்சுக்கு ஒரு வார்த்தை. பழைய வட ஆற்காட்டுத் தோல் ஊர்கள் எல்லாவற்றிலும், ராணிப்பேட்டை, மேல்விஷாரம், பேர்ணாம்பட்டு, வாணியம்பாடி என்று எங்கே போனாலும், லைனில் இருந்து மேலே வந்த பெண்களுக்கு இந்தப் பேச்சு வந்தே தீருகிறது. நேற்று வரை ஒன்றாக டிபன் பாக்ஸ் திறந்தவர்கள். வெளியூரிலிருந்து வந்த ஒருவர் திட்டினால் அது வேலை. நீங்கள் திட்டினால் அது உறவு. அதனால் உங்கள் வார்த்தைக்கு மற்றவர்களைவிட எடை அதிகம். அதே உறவால், மேனேஜருக்குச் சொல்லாத உண்மையை உங்களிடம்தான் சொல்வார்கள், நீங்கள் கேட்டால்.

கேளுங்கள் என்று இதற்காகத்தான் சொல்கிறேன். ஏமி எட்மன்ட்சன் என்ற அமெரிக்கப் பேராசிரியர் 1990-களில் ஆஸ்பத்திரி வார்டுகளில் மருந்து மாறிப்போகும் தவறுகளை ஆராய்ந்தார். நல்ல தலைமை இருக்கும் வார்டுகளில் தவறு குறைவாக இருக்கும் என்று எதிர்பார்த்துப் போனவருக்கு அங்கேதான் அதிகமாகப் பதிவாகியிருந்தது தெரிந்தது. அவர்கள் அதிகம் தவறு செய்யவில்லை. செய்ததைப் பயமில்லாமல் சொன்னார்கள். மற்ற வார்டுகளில் மூடி மறைத்தார்கள். உங்கள் லைனில் ஊசி முனை மழுங்கியதை, தோல் லாட் சரியில்லை என்பதை, கண் தெரியவில்லை என்பதை யாராவது தானாக வந்து உங்களிடம் சொல்கிறார்களா? அத்தையே சொல்லவில்லையே. என்னைக் கேட்டால், உங்களுடைய அந்த ஒரு வாக்கியத்தைவிட அதுதான் அதிகம் கவலைப்பட வேண்டியது. "என்மேல ஏதாவது குறை இருக்கா?" என்று பொதுவாகக் கேட்டால் "ஒண்ணும் இல்லக்கா" என்றுதான் வரும். சின்னதாகக் கேளுங்கள். "காலையில முதல் ஒரு மணி நேரத்துல நான் செய்யறதுல எது உங்களுக்கு இடைஞ்சல்?" யாராவது ஒருத்தி, தைரியசாலி, "பீஸ் வெக்கறப்ப தோளுக்கு மேல நின்னுக்கினே இருக்கீங்கக்கா, கை நடுங்குது" என்பாள். விளக்கம் சொல்லத் தோன்றும். சொல்லாதீர்கள். "சரி" என்று மட்டும் சொல்லிவிட்டு, மறுநாள் தள்ளி நில்லுங்கள். எல்லோரும் அதைக் கவனிப்பார்கள். அடுத்த வாரம் இன்னும் இரண்டு பேர் வாய் திறப்பார்கள்.

மேனேஜர் விஷயம். அவர் எழுதுகிற விதம் தவறு, அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனாலும் அவர் ஏன் கொதிக்கிறார் என்பது உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். துணியில் தப்பாகப் போனால் பிரித்துத் திரும்பத் தைக்கலாம்; தோலில் ஊசி போட்ட ஓட்டை போட்டதுதான், அந்தத் துண்டு போனது போனதுதான். ஷிப்மென்ட் தேதி நெருங்கும்போது அவருக்கும் மேலே ஒருவர் போட்டோ கேட்டுக்கொண்டிருப்பார். இதை அவருக்காக வக்காலத்து வாங்கச் சொல்லவில்லை. அவர் மெசேஜில் உங்களுக்குத் தேவையானது எது, தேவையில்லாதது எது என்று பிரிக்கத்தான்.

போட்டோவில் இருக்கும் பீஸ் உங்களுக்குத் தேவை. "லீவா?" என்ற கேலி தேவையில்லை. ஆனால் படித்த நொடியில் இரண்டும் சேர்ந்துதான் உள்ளே இறங்கும். நெஞ்சு படபடக்கும், முகம் சூடாகும். அந்த நேரத்தில் குரூப்பில் எதுவும் எழுதாதீர்கள், "ஸாரி சார்" கூட வேண்டாம். ஒரு சின்ன நோட்டு வைத்துக்கொள்ளுங்கள். போட்டோவில் இருக்கும் தப்பை மட்டும், கேலியை விட்டுவிட்டு, உங்கள் வார்த்தையில் ஒரே வரியில் எழுதுங்கள்: "கறுப்பு, இடது குவாட்டர், வளைவு, உள் தையல் ஏறியிருக்கிறது." எழுதிய பிறகு லைனுக்குப் போய் அதைத் தேடுங்கள். மனசு புண்பட்ட நேரத்தில் கைக்கு ஒரு வேலை கொடுப்பது பெரிய ஆறுதல். ராத்திரி அந்த மெசேஜ் திரும்பத் திரும்ப மனசில் ஓடும்போது, நோட்டில் இருக்கும் வரி மட்டும்தான் உங்களுடையது, மற்றதற்கு எழுதியவர்தான் பொறுப்பு.

அப்புறம் அவரிடமும் சொல்லத்தான் வேண்டும். அத்தைக்குச் சொன்ன அதே முறைதான்: தனியாக, ஷிஃப்டுக்கு முன்னால், கையில் பீஸோடு. வேலையைப் பற்றிய செய்தியை முதலில் சொல்லுங்கள். "சார், கறுப்பு குவாட்டர் ரிஜெக்ட்டுக்குக் காரணம் கண்டுபிடிச்சிட்டேன், இந்த மெஷின்ல மட்டும் வருது, இந்த வாரம் மாத்தறேன்." அப்புறம் கேட்க வேண்டியதைக் கேளுங்கள். "ரிஜெக்ட் வந்தா போட்டோவை எனக்குத் தனியா அனுப்புங்க சார். பத்து நிமிஷத்துல லைன்ல நிக்கறேன். குரூப்ல போட்டா லைன் பொம்பளைங்க என் பேச்சைக் கேக்க மாட்டாங்க, வேலைதான் கெடும்." உங்கள் மனசு புண்படுகிறது என்று சொல்வதைவிட வேலை கெடுகிறது என்பது அவருக்குச் சீக்கிரம் புரியும். முதல் தடவையே மாறிவிடுவார் என்று நான் சொல்லமாட்டேன். இரண்டு மூன்று தடவை சொல்ல வேண்டியிருக்கும்.

ஒரு எல்லை இருக்கிறது. கெட்ட வார்த்தை, சாதியைச் சொல்வது, உடம்பைப் பற்றிப் பேசுவது, இரட்டை அர்த்தம், இதெல்லாம் விமர்சனம் இல்லை. இதில் எடுத்துக்கொள்ள வேண்டியது எதுவும் இல்லை, பொறுத்துப்போகவும் வேண்டாம். பாலியல் ரீதியான பேச்சோ சீண்டலோ இருந்தால், 2013-ஆம் ஆண்டுச் சட்டப்படி பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் எந்த இடத்திலும் ஒரு உள் புகார்க் குழு இருந்தே ஆக வேண்டும். அதற்குத் தலைவர் பெண்ணாகத்தான் இருக்க வேண்டும். உங்கள் கம்பெனியில் அதில் யார் யார் இருக்கிறார்கள் என்று இப்போதே தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள், உங்களுக்காக இல்லாவிட்டாலும் லைனில் இருக்கும் சின்னப் பெண்களுக்காக.

மகளைப் பற்றிக் கொஞ்சம். "உனக்கு எதுலதான் குறை தெரியாது?" என்று அவள் கேட்டதைத் திமிராக எடுத்துக்கொள்ளாதீர்கள். அது உங்களுக்கு வந்த விமர்சனம், நியாயமானதும்கூட. நாள் முழுக்க பீஸில் தப்புத் தேடிய கண், வீட்டுக்கு வந்ததும் நோட்டில் தேடுகிறது. ஏழு மணிக்குப் படி ஏறியதும் முதல் வார்த்தை கணக்காக இருக்க வேண்டாம். சாப்பிட்டு முடிக்கட்டும். நோட்டை அவளே நீட்டும்வரை காத்திருங்கள், பத்தாவது படிக்கும் பெண்ணுக்கு எங்கே உதவி வேண்டும் என்று தெரியும். நீட்டினால், தப்பான விடையில் கோடு போடாமல், எந்த வரி வரை சரியாக வந்திருக்கிறாள் என்று காட்டுங்கள். அடுத்த வரியை அவளே பார்த்துக்கொள்வாள்.

அமெரிக்காவில் ஏழாம் வகுப்புப் பிள்ளைகளின் கட்டுரைகளில் ஆசிரியர்கள் வழக்கம்போலக் குறைகளைக் குறித்துக் கொடுத்தார்கள். கூடவே எல்லோருக்கும் ஒரு துண்டுச் சீட்டு. பாதிப் பிள்ளைகளின் சீட்டில் மட்டும் வேறு வாசகம். உன்னிடம் நிறைய எதிர்பார்க்கிறேன், உன்னால் அதை எட்ட முடியும் என்று எனக்குத் தெரியும், அதனால்தான் இதையெல்லாம் குறித்திருக்கிறேன் என்பது அதன் சாரம். அந்தச் சீட்டுக் கிடைத்த பிள்ளைகளில் அதிகம் பேர் கட்டுரையைத் திருத்தி எழுதிக் கொடுத்தார்கள். ஆசிரியர்கள்மேல் நம்பிக்கை குறைவாக இருந்த கறுப்பினப் பிள்ளைகளிடம் மாற்றம் மிகப் பெரிதாக இருந்தது. 2014-இல் வந்த ஆய்வு இது. உங்கள் மகளுக்குச் சீட்டு எழுத வேண்டியதில்லை. ஏன் அவள் நோட்டை இவ்வளவு உன்னிப்பாகப் பார்க்கிறீர்கள் என்பதை ஒருநாள் அவளிடம் வாய்விட்டுச் சொல்லியிருக்கிறீர்களா? நம் வீடுகளில் அது தெரியாதா என்ன என்று விட்டுவிடுகிறோம். பிள்ளைகளுக்கு நிஜமாகவே தெரிவதில்லை.

கடைசியாக, உங்கள் தூக்கம். மேலே சொன்ன எதையும் தூங்காத தலையோடு செய்ய முடியாது. ராத்திரி எட்டு மணிக்கு மேல் கம்பெனி குரூப்பை மியூட்டில் போடுங்கள். அந்த நேரத்தில் வரும் போட்டோவுக்கு நீங்கள் லைனில் போய் எதுவும் செய்ய முடியாது. இரண்டு வாரத்துக்கு மேல் சாப்பாடும் தூக்கமும் இப்படியே இருந்தால் டாக்டரைப் பாருங்கள், தள்ளிப்போட வேண்டாம். போய்ப் பார்க்க நேரமில்லை என்றால் 14416 என்ற டெலி மானஸ் (அரசின் மனநல உதவி) எண்ணுக்குப் போன் செய்யலாம். இலவசம், 24 மணி நேரமும் எடுப்பார்கள், தமிழிலேயே பேசலாம்.